உள்ளே போகும் தோட்டா எல்லாம் பொருந்தும் தோட்டா அல்ல

வன்னியில் ஒரு வயற்கரைக் கிராமம். பெரும்போக நெல் பால் பிடித்து நின்ற காலம். பல வருடங்கள் இடம்பெயர்ந்து அலைந்து, சொந்தக் காணிக்குத் திரும்பி, கடன்பட்டு விதைத்த ஒரு கமக்காரர் அன்றிரவு காவற் கொட்டிலில் இருந்தார். பன்றிகள் மூன்று நாளாக வரம்பை உழுது கொண்டிருந்தன. அவரிடம் அனுமதிப்பத்திரத்துடன் ஓர் இரட்டைக் குழல் துவக்கு இருந்தது. தோட்டா குறைவாக இருந்தபடியால், அயற் கிராமத்திலிருந்த மைத்துனர் சில தோட்டாக்களைக் கொடுத்திருந்தார். அவற்றைத் தன்னுடைய தோட்டாக்களுடன் ஒரே பிஸ்கட் தகரத்துள் போட்டு வைத்திருந்தார்.

பன்றியின் சத்தம் கேட்டது. மனைவி தகரத்திலிருந்து இரண்டு தோட்டாக்களை எடுத்துக் கொடுத்தார். இருட்டிலே அவர் துவக்கை மடித்துப் போட்டு மூடினார். விசையை இழுத்தார். ஒரு குழலில் "டிக்" என்ற சத்தம் மாத்திரமே வந்தது. துவக்கைத் திறந்து கையால் தடவிப் பார்த்தார். அந்தக் குழலின் வாய் வெறுமையாக இருந்தது. அவசரத்தில் போட மறந்துவிட்டேன் என்று எண்ணி, இன்னொரு தோட்டாவுக்குக் கையை நீட்டினார்.

மனைவி கொடுக்கவில்லை. "இஞ்சருங்கோ, நான் இரண்டு எல்லோ எடுத்துத் தந்தனான்? ஒன்று துவக்கிலை கிடக்கு. மற்றது எங்கை?" என்று கேட்டார்.

அந்தக் கேள்விதான் அவருடைய இடது கையையும் கண்களையும் காப்பாற்றியது. விளக்கைப் பிடித்துப் பார்த்தபோது, குழலின் உள்ளே, விரல் எட்டாத தூரத்தில், ஒரு தோட்டாவின் பித்தளை மினுங்கியது. அது மைத்துனரின் 20 போர் தோட்டா. துவக்கோ 12 போர். அதன் பின்னால் ஒரு 12 போர் தோட்டாவைப் போட்டுச் சுட்டிருந்தால் என்ன நடந்திருக்கும் என்பதை அவர் மறுநாள் அறிந்தவர்களிடம் கேட்டுத்தான் தெரிந்து கொண்டார்.

தம்முடைய பெயரை எழுத வேண்டாம் என்றும், ஆனால் விஷயத்தைக் கட்டாயம் எழுதுங்கள் என்றும் அவர் எங்களிடம் கேட்டுக் கொண்டார். அதனாலேயே இந்தக் கட்டுரையை எழுதுகின்றோம். பயிர்ப் பாதுகாப்புக்காக அனுமதியுடன் துவக்கு வைத்திருப்போரும், இனிமேல் விண்ணப்பிக்க எண்ணியிருப்போரும், துவக்கே இல்லாத வீட்டாரும் இதனை வாசிக்க வேண்டும். காணிக்குத் திரும்பியவர்களின் வளவுகளில் பழைய ரவைகள் கிடைப்பது இன்றும் நடக்கும் காரியம்.

முதலில் சட்டம்

இலங்கையில் துவக்கு வைத்திருப்பதை 1916ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுடுகலன்கள் கட்டளைச் சட்டம் கட்டுப்படுத்துகின்றது. அனுமதிப்பத்திரம் ஆளுக்குரியது, வீட்டுக்குரியதல்ல. அதனை ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். தகப்பன் இறந்தால் மகனுக்குத் துவக்கு தானாகவே வந்து சேராது. மைத்துனரின் துவக்கை ஓர் இரவுக்கு இரவல் வாங்குவதும் சட்டத்துக்குப் புறம்பானது. தோட்டாவும் அப்படியே. மேலே சொன்ன குடும்பத்தில் ஆபத்து தொடங்கியதே, ஒருவருக்கு உரிய தோட்டா மற்றொருவரின் தகரத்துள் வந்தபோதுதான்.

கூரையிலோ, பாழ்ங் கிணற்றிலோ, மண்ணுக்குள்ளோ ஒரு பழைய துவக்கு கிடைத்தால், அது உங்கள் பாட்டனுடையதாகவே இருந்தாலும், கை வைக்காமல் கிராம அலுவலருக்கோ பொலிசாருக்கோ அறிவியுங்கள். போர் நடந்த மண்ணில், கண்ணுக்குத் தெரியும் ஒன்றின் கீழ் தெரியாத ஒன்று இருக்கக் கூடும்.

குழலுக்குள் என்ன நடக்கின்றது?

தோட்டாவுக்குள் இருப்பது வெடிமருந்து. விசையை இழுத்ததும் ஊசி, தோட்டாவின் அடியிலுள்ள தொப்பியில் குத்துகின்றது. மருந்து எரிந்து வாயுவாகின்றது. அந்த வாயுவின் அழுத்தமே சன்னங்களை வெளியே தள்ளுகின்றது.

அந்த அழுத்தம் எவ்வளவு? லொறி டயருக்கு நாம் அடிக்கும் காற்று ஒரு சதுர அங்குலத்துக்குச் சுமார் 100 இறாத்தல். 12 போர் துவக்கில் தோட்டா வெடிக்கும்போது உண்டாகும் அழுத்தம் சுமார் 10,000 இறாத்தல். அதாவது லொறி டயரைப் போல் நூறு மடங்கு. றைபிள்களில் அது ஏறத்தாழ 45,000 முதல் 60,000 இறாத்தல் வரை செல்லும். இவ்வளவு அழுத்தமும் உங்கள் முகத்துக்கு ஒரு முழத் தூரத்தில், உங்கள் இடது கை பிடித்திருக்கும் குழலுக்குள் நடக்கின்றது. வாயு முன்பக்கமாக வெளியேற வழியிருக்கும் வரை குழல் அதனைத் தாங்கும். வழியில் தடை இருந்தாலோ, அழுத்தம் அளவுக்கு மிஞ்சினாலோ, இரும்பு பிளக்கும்.

"உள்ளே போகுதுதானே, அப்ப சரிதானே?" என்று பலரும் எம்மிடம் கேட்கின்றனர். உள்ளே போவது வேறு, பொருந்துவது வேறு. மிகவும் ஆபத்தான தோட்டா உள்ளே போகாத தோட்டா அல்ல. இலகுவாக உள்ளே போய்விடும் தவறான தோட்டாதான்.

12 என்றால் என்ன?

துவக்கின் "போர்" இலக்கத்தைப் பலர் பிழையாக விளங்கிக் கொள்கின்றனர். இலக்கம் கூடினால் குழல் பெரிது என்று நினைக்கின்றனர். உண்மை அதற்கு மாறானது.

ஓர் இறாத்தல் ஈயத்தை 12 சம உருண்டைகளாக வார்த்தால், ஓர் உருண்டை எந்தக் குழலுக்குச் சரியாக இருக்குமோ அது 12 போர். அதே ஓர் இறாத்தலை 20 உருண்டைகளாக வார்த்தால் உருண்டை சிறிதாகும். அந்தக் குழல் 20 போர். ஆகவே இலக்கம் கூடக் கூடக் குழல் ஒடுங்கும். 12 போர் குழலின் உள்விட்டம் சுமார் 18.5 மில்லிமீற்றர். 16 போர் சுமார் 16.8. 20 போர் சுமார் 15.6. "நானூற்றுப் பத்து" என்று சொல்லப்படுவது மாத்திரம் இந்தக் கணக்கில் சேராது. அது அங்குலக் கணக்கு, சுமார் 10.4 மில்லிமீற்றர்.

இந்த இலக்கம் தோட்டாவின் பித்தளை அடியில் பொறிக்கப்பட்டிருக்கும். துவக்கில், குழலின் பின்புறத்திலோ அதன் அடித்தட்டையிலோ பொறிக்கப்பட்டிருக்கும். இரண்டு இலக்கங்களும் ஒன்றாக இருக்க வேண்டும். இது முதலாவது பொருத்தம்.

12க்குள் 20 விழுந்தால்

இப்போது அந்தக் கமக்காரரின் துவக்குக்கு வருவோம். ஒவ்வொரு தோட்டாவின் அடியிலும் ஒரு விளிம்பு உண்டு. அந்த விளிம்பு குழலின் பின்வாயில் உள்ள படியில் தங்கித் தோட்டாவை நிறுத்துகின்றது. 20 போர் தோட்டாவின் விளிம்பு 12 போர் துவக்கின் படியில் தங்காது. அது தோட்டா அறைக்குள் வழுகி, அறை ஒடுங்கும் இடத்தில் போய் இறுகி நிற்கும். ஊசி அதனை எட்டாது. ஆகவே "டிக்" என்ற சத்தம் மாத்திரம் வரும். திறந்து பார்த்தால் பின்வாய் வெறுமையாகத் தெரியும். அந்த வெறுமையான அறைக்குள் இன்னொரு 12 போர் தோட்டா தாராளமாகப் போகும்.

பிறகு விசையை இழுத்தால், பின்னால் உள்ள தோட்டா வெடித்து, முன்னால் அடைத்து நிற்கும் முழுத் தோட்டாவில் மோதும். முன்னுள்ளதும் வெடிக்கலாம். பொதுவாகக் குழல் பிளப்பது அறைக்குச் சற்று முன்னால், அதாவது இடது கை தாங்கிப் பிடிக்கும் இடத்தில். விரல்களை இழந்தவர்கள், கண்ணை இழந்தவர்கள் பல நாடுகளிலும் உள்ளனர். இந்த ஆபத்துக் காரணமாகவே தயாரிப்பாளர்கள் பலர் 20 போர் தோட்டாவின் உறையை மஞ்சள் நிறத்தில் செய்கின்றனர். ஆனால் இருட்டில் மஞ்சளும் சிவப்பும் ஒன்றுதான். பழைய தோட்டாக்களில் இந்த நிற ஒழுங்கும் இல்லை. ஆகவே நிறத்தை நம்பாமல் இலக்கத்தை வாசியுங்கள்.

விசையை இழுத்தும் வெடிக்காவிட்டால் செய்ய வேண்டியது இதுதான். துவக்கை ஆளில்லாத பக்கம் நீட்டியபடியே ஒரு நிமிடமாவது பிடித்திருங்கள். சில தோட்டாக்கள் பிந்தி வெடிப்பதுண்டு. பின்னர் மெதுவாகத் திறவுங்கள். தோட்டாவை எடுங்கள். பின்வாய்ப் பக்கமாகக் குழலுக்கூடாக வெளிச்சம் தெரிகின்றதா என்று பாருங்கள். முழு வட்டமாக வெளிச்சம் தெரியாவிட்டால் அந்தத் துவக்கை அன்றிரவு தொடவே வேண்டாம். கம்பியால் குத்தி எடுக்க முயல வேண்டாம். துவக்கைத் திறந்தபடியே வைத்து, மறுநாள் துவக்கு வேலை தெரிந்த, அதற்கு உரிமை பெற்ற ஒருவரிடம் அல்லது பொலிஸ் நிலையத்தில் காட்டுங்கள். எமது கமக்காரரும் அப்படியே செய்தார்.

இரண்டாவது பொருத்தம்: நீளம்

இலக்கம் சரியாக இருந்தாலும் போதாது. 12 போர் துவக்குகள் எல்லாவற்றுக்கும் ஒரே நீளமான தோட்டா அறை இல்லை. பழைய ஆங்கிலத் துவக்குகள் பலவற்றில் அறையின் நீளம் இரண்டரை அங்குலம், அதாவது 65 மில்லிமீற்றர். பின்வந்தவை பெரும்பாலும் இரண்டே முக்கால் அங்குலம், அதாவது 70 மில்லிமீற்றர். வேறு சில மூன்று அங்குலம், அதாவது 76 மில்லிமீற்றர்.

இங்கே ஒரு மறைவான பொறி உண்டு. தோட்டாவின் பக்கத்தில் 70 என்று எழுதியிருந்தால், அது சுடுவதற்கு முந்திய நீளம் அல்ல. சுட்ட பின் வாய் விரிந்த வெற்றுக் கோதின் நீளம். சுடுவதற்கு முன் அதன் வாய் மடிக்கப்பட்டுக் குறுகி இருக்கும். ஆகையால் 70 மில்லிமீற்றர் தோட்டா 65 மில்லிமீற்றர் அறைக்குள் எந்தத் தடையுமின்றிப் போய்விடும். துவக்கும் நன்றாக மூடும். ஆனால் சுடும்போது, விரிய இடமின்றி, வாய் குழலின் ஒடுங்கிய பகுதிக்குள் விரிந்து வழியை நெருக்கும். அழுத்தம் ஏறும். ஒரு வெடியில் குழல் பிளக்காமல் இருக்கலாம். ஆனால் உதை கூடும், பூட்டு தளரும், பழைய இரும்பு களைப்படையும். பத்தாவது வெடியிலோ ஐம்பதாவது வெடியிலோ அது பலன் தரும்.

சட்டம் இதுதான்: அறையை விட நீளமான தோட்டாவைப் போடக் கூடாது. 65 அறைக்கு உகந்தது என்று தயாரிப்பாளர் பெட்டியிலேயே எழுதியிருந்தாலன்றி, 70 தோட்டாவை அதற்குள் போடவே வேண்டாம். அறையை விடக் குறுகிய தோட்டாவைச் சுடுவதில் பொதுவாக இந்த ஆபத்து இல்லை. அறையின் நீளம் குழலின் அடித்தட்டையில் பொறிக்கப்பட்டிருப்பதுண்டு. முன்தாங்கியைக் கழற்றிக் குழலைப் பிரித்தால் அதனைப் பார்க்கலாம். எழுத்து அழிந்திருந்தால் ஊகிக்காமல் அறிந்தவரிடம் அளந்து கேளுங்கள்.

மூன்றாவது பொருத்தம்: துவக்கின் வயதும் பலமும்

எங்கள் ஊர்களில் தலைமுறை கடந்த துவக்குகள் இருந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் துவக்குகள் பல, இரும்பையும் உருக்கையும் பட்டிகளாக முறுக்கி, ஒரு கம்பியைச் சுற்றி ஒட்டிச் செய்த குழல்களைக் கொண்டவை. குழலின் மேல் நீரலை போன்ற, அல்லது பாம்புத் தோல் போன்ற கோலம் தெரியும். இவை அக்காலத்துக் கரும் வெடிமருந்துக்காகச் செய்யப்பட்டவை. இன்று வரும் தோட்டாக்களில் இருப்பது புகையற்ற மருந்து. அதன் அழுத்தம் ஏறும் விதம் வேறு. கோலக் குழலைப் பார்க்க அழகாக இருக்கலாம். ஆனால் தக்கவர் சோதித்துச் சொல்லும் வரை அதில் இன்றைய தோட்டாவைப் போடுவது உயிருடன் விளையாடுவதாகும்.

இங்கிலாந்தில் செய்யப்பட்ட துவக்குகளில் சோதனை முத்திரைகளைக் காணலாம். 1637இல் பட்டயம் பெற்ற இலண்டன் துவக்குச் செய்வோர் சங்கத்தின் சோதனை நிலையமும், 1813இல் ஏற்படுத்தப்பட்ட பேர்மிங்காம் சோதனை நிலையமும் இந்த வேலையைச் செய்தன; இன்றும் செய்கின்றன. வழமையை விடப் பலமான மருந்தைப் போட்டு வெடிக்க வைத்து, குழல் தாங்கினால் முத்திரை குத்துவார்கள். "என்.பி." என்னும் ஆங்கில எழுத்துக்கள் புகையற்ற மருந்துக்குச் சோதிக்கப்பட்டதைக் குறிக்கும்.

ஆனால் முத்திரை என்பது குத்திய அன்றைய நிலையைத்தான் சொல்லும். அதன் பின் துருவேறிக் குழியான குழலுக்கும், நுனி வெட்டப்பட்ட குழலுக்கும், நசுங்கிய குழலுக்கும் அந்த முத்திரை சாட்சி சொல்லாது. போர்க் காலத்தில் மண்ணுக்குள் புதைக்கப்பட்டுப் பின்னர் எடுக்கப்பட்ட குழல் எவ்வளவு துடைத்தாலும் நம்பத் தக்கதல்ல. உள்ளே உள்ள குழிகளை எண்ணெய் மூடும், ஆற்றாது.

தோட்டாவுக்கும் வயது உண்டு

ஈரம் பட்ட கடதாசித் தோட்டா வீங்கும். பித்தளையில் பச்சைக் களிம்பு பிடிக்கும். அவ்வாறானதைச் சுட்டால் சில வேளை "பொத்" என்று மெலிந்த சத்தத்துடன் வெடிக்கும். சன்னம் போயிருக்கும், ஆனால் அடைப்புத் துண்டு குழலுக்குள் நின்றுவிடும். அடுத்த வெடிக்கு அது தடை. ஆகவே சத்தமோ உதையோ வழமையை விடக் குறைந்தால் உடனே நிறுத்தி, தோட்டாவை எடுத்து, குழலுக்கூடாகப் பாருங்கள்.

எங்கள் பகுதிகளில் இன்னொரு தடையும் உண்டு. கொட்டிலில் சாத்தி வைத்த துவக்கின் குழலுக்குள் குளவி மண்கூடு கட்டும். வரம்பில் தடுக்கி விழுந்தால் நுனியில் சேறு அடைக்கும். ஒரு கைப்பிடிச் சேறு கூடத் தேவையில்லை. சிறு அடைப்பே குழலை வீங்கவோ பிளக்கவோ செய்யும். ஒவ்வொரு மாலையும் தோட்டா போடுவதற்கு முன் குழலுக்கூடாக வானத்தைப் பாருங்கள்.

வெற்றுக் கோதை மீள நிரப்பிய தோட்டாக்களைச் சிலர் மலிவாகத் தருவர். வாங்க வேண்டாம். ஒரே கரண்டி அளவான இரண்டு மருந்துகள் ஒரே அழுத்தத்தைத் தருவதில்லை. உள்ளே என்ன மருந்து, எவ்வளவு என்பதை நிரப்பியவரைத் தவிர வேறெவரும் அறியார். அவரும் சரியாக அறிந்திருப்பார் என்று சொல்ல முடியாது.

றைபிள் ரவைகள்: ஒரே இலக்கம், வேறு ரவை

கமக்காரர் கையில் அனுமதியுடன் வருவது பொதுவாகச் சன்னம் சுடும் துவக்கே. ஆயினும் றைபிள் ரவைகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். போர் அவற்றை எங்கள் வயல்களில் விதைத்துச் சென்றது.

"7.62" என்ற இலக்கத்தை எங்கள் பிள்ளைகள் கூடக் கேள்விப்பட்டிருப்பார்கள். ஆனால் 7.62 என்பது ஒரு ரவை அல்ல. ஏ.கே. துவக்கின் ரவைக்குக் கோதின் நீளம் 39 மில்லிமீற்றர். மேற்கு நாட்டு இராணுவங்களின் ரவைக்கு 51 மில்லிமீற்றர். பழைய ரஷ்ய றைபிள், இயந்திரத் துவக்கு ஆகியவற்றின் விளிம்புள்ள ரவைக்கு 54 மில்லிமீற்றர். மூன்றும் 7.62தான், ஒன்றுக்குப் பதில் மற்றொன்று ஆகாது. பிரித்தானிய இராணுவம் 1888இல் ஏற்றுக்கொண்ட "முந்நூற்று மூன்று" ரவை பெயரளவில் இவற்றுக்குக் கிட்ட நிற்கின்றது. ஆனால் அதுவும் வேறு.

பெரிய நாடுகளிலும் இந்தத் தவறு நடக்கின்றது. அமெரிக்காவில் 2011ஆம் ஆண்டு "முந்நூறு பிளாக்கவுட்" என்றொரு ரவை முறையாக அங்கீகரிக்கப்பட்டது. அது 5.56 ரவை வகையின் கோதிலிருந்து செய்யப்பட்டது, 5.56 றைபிளின் ரவைக்கூட்டிலேயே போகும். சில வேளை அறைக்குள்ளும் போய் மூடிவிடும். ஆனால் அதன் முனைக்குண்டு சுமார் 7.8 மில்லிமீற்றர், 5.56 குழலுக்குள் அது போக வழியில்லை. அதனால் றைபிள்கள் வெடித்துச் சிதறிய சம்பவங்கள் அங்கே நடந்துள்ளன. படித்த, வசதியுள்ள, கடையில் புதுப் பெட்டி வாங்கும் மனிதருக்கே இது நடக்கின்றதென்றால், வயலில் கண்டெடுத்த ரவையைப் பற்றி நாம் என்ன சொல்வது?

ஆகவே கண்டெடுத்த ரவைக்கு ஒரே பொருத்தம்தான் உண்டு: அது எந்தத் துவக்குக்கும் பொருந்தாது. அதனைத் தட்ட வேண்டாம். பித்தளைக்காக வெட்ட வேண்டாம். பழைய இரும்புச் சாக்குக்குள் போட வேண்டாம். நெருப்பில் போட வேண்டாம். துவக்கு இல்லாமலே அது வெடித்துக் கோதின் துண்டுகளைத் தெறிக்க வைக்கும். இடத்தை அடையாளம் செய்து, வந்த சுவட்டிலேயே திரும்பி, கிராம அலுவலருக்கோ பொலிசாருக்கோ கண்ணிவெடி அகற்றும் பணியாளருக்கோ சொல்லுங்கள். இலங்கை 2017இல் கண்ணிவெடித் தடை உடன்படிக்கையில் சேர்ந்தது. அதற்கு முன்னும் பின்னும் பெரும் பரப்புத் துப்புரவாக்கப்பட்டது. ஆயினும் துப்புரவாக்கிய காணியிலும் மழை ஒன்றை மேலே கொண்டு வரலாம்.

சன்னமும் தூரமும்

தோட்டா துவக்குக்குப் பொருந்துவது போல் வேலைக்கும் பொருந்த வேண்டும். எஸ்.எஸ்.ஜி. என்னும் பெரிய சன்னம் பன்றிக்காகப் பாவிக்கப்படுவது. தவறிய எஸ்.எஸ்.ஜி. சன்னம் 500 மீற்றருக்கும் அப்பால் போய் விழக் கூடியது. 6ஆம் இலக்கச் சிறு சன்னம் கூட 200 மீற்றர் வரை செல்லும். இரவில், அடுத்த வயலின் கொட்டிலிலும் ஒரு குடும்பம் இருக்கின்றது. குளத்து நீரிலும் கல்லிலும் பட்ட சன்னம் திசை மாறும். சத்தத்தை நோக்கிச் சுடக் கூடாது. விளக்கொளியில் முழு உருவத்தையும், அதன் பின்னால் என்ன உள்ளதென்பதையும் கண்ட பின்னரே விசையில் விரல் வைக்க வேண்டும்.

யானைக்குச் சன்னத் தோட்டா எந்த வகையிலும் பொருந்தாது. அது யானையைத் தடுக்காது, புண்ணாக்கும். புண்பட்ட யானை அடுத்த குடிசைக்கு மூர்க்கத்துடன் வரும். யானைக்கு யானை வெடியும், நெருப்பும், கூட்டாகக் காவல் இருப்பதுமே வழி. கட்டுத்துவக்கைப் பற்றி ஒரே சொல்: அது சட்ட விரோதம், அதற்குப் பன்றி எது பக்கத்து வீட்டுப் பிள்ளை எது என்று தெரியாது.

வீட்டில் வைக்கும் ஒழுங்கு

இதுவரை சொன்னதை வீட்டு ஒழுங்காகச் சுருக்கித் தருகின்றோம். வெட்டி எடுத்துத் துவக்குப் பெட்டியின் உள்மூடியில் ஒட்டி வைக்கலாம்.

1. துவக்கின் இலக்கத்தையும் அறையின் நீளத்தையும் ஒரு தாளில் எழுதி வையுங்கள். வீட்டில் வளர்ந்தவர்கள் எல்லோரும் அதனை அறிந்திருக்க வேண்டும்.

2. அந்த இலக்கமும் நீளமும் உள்ள தோட்டாவைத் தவிர வேறெதுவும் வீட்டுக்குள் வரக் கூடாது. இரவலும் வேண்டாம், அன்பளிப்பும் வேண்டாம்.

3. தோட்டாவை அதன் பெட்டியிலேயே வையுங்கள். சட்டைப் பையில் சில்லறையுடனும் பற்றரியுடனும் போட வேண்டாம்.

4. பகல் வெளிச்சத்தில் ஒவ்வொரு தோட்டாவின் அடியையும் வாசித்து, அன்றிரவுக்கு வேண்டியதை மாத்திரம் எண்ணி எடுங்கள். காலையில் மிஞ்சியதையும் வெற்றுக் கோதையும் எண்ணுங்கள். கணக்குச் சரிவர வேண்டும்.

5. வீங்கியது, களிம்பு பிடித்தது, எழுத்து அழிந்தது எதையும் சுட வேண்டாம். பொலிஸ் நிலையத்தில் ஒப்படையுங்கள்.

6. தோட்டா போடுவதற்கு முன் குழலுக்கூடாக வெளிச்சம் பாருங்கள். "டிக்" என்றாலும் "பொத்" என்றாலும் மீண்டும் பாருங்கள்.

7. துவக்கு ஓரிடத்திலும் தோட்டா வேறிடத்திலும் பூட்டியிருக்கட்டும். பிள்ளைகளுக்குத் திறப்பு இருக்கும் இடம் தெரியக் கூடாது.

ஒரு போகம் போனால் அடுத்த போகம் உண்டு

பன்றி ஓர் இரவில் அழிக்கும் பயிரின் பெறுமதியை நாம் குறைத்துச் சொல்லவில்லை. கடனுக்கு விதை நெல் வாங்கி, கூப்பன் அரிசியில் பிள்ளைகளை வளர்த்து, பற்றை பிடித்த காணியை மீண்டும் வயலாக்கியவர்களுக்கு ஒரு கதிரும் பெரிது. அந்த அவசரத்தில்தான் கை தவறான தோட்டாவைத் தேடுகின்றது. ஆனால் கை போனால் மண்வெட்டி பிடிப்பது யார்? கண் போனால் வாய்க்காலுக்கு நீர் கட்டுவது யார்? போரில் உறுப்பை இழந்தவர்கள் எங்கள் ஒவ்வொரு கிராமத்திலும் இருக்கின்றனர். போர் 2009இல் முடிந்தது. அதற்குப் பின்னும் அந்த எண்ணிக்கையில் ஒருவரைக் கூட்ட நாம் இடம் கொடுக்கக் கூடாது.

நாம் அந்தக் கமக்காரரின் வீட்டுக்குப் போனபோது பிஸ்கட் தகரம் வெறுமையாக இருந்தது. மைத்துனரின் தோட்டாக்கள் பொலிஸ் நிலையத்தில் ஒப்படைக்கப்பட்டுவிட்டன. அவருடைய 12 போர் தோட்டாக்கள் பெட்டியோடு பூட்டியிருந்தன. சுவரில், மனைவியின் கையெழுத்தில், ஒரு கொப்பித் தாள் ஒட்டியிருந்தது. ஒரு பக்கம் "எடுத்தது", மறுபக்கம் "திரும்பியது". ஒவ்வொரு திகதிக்கும் நேரே இரண்டு எண்கள்.

"அந்தப் போகம் பன்றி கால்வாசியைத் திண்டிட்டுது" என்றார் அவர். "மிச்சம் முக்கால்வாசியை இந்த இரண்டு கையாலையும்தான் வெட்டினனான்."